முதல் ஆவணப்படம்: அந்தக் கலை வளர்ந்த வரிசையிலேயே பழகுங்கள்

ஆவணப்படம் எடுக்க ஆசைப்படுகிறவர்கள் முதலில் கேட்பது, எந்தக் கேமரா வாங்கலாம் என்பதுதான். கையில் இருக்கும் செல்போன் போதும். அந்தக் கேள்விக்குச் செலவாகும் நேரத்தை வேறொரு கேள்விக்குக் கொடுங்கள்: நிஜ வாழ்க்கையைத் திரையில் காட்ட மனிதர்கள் எப்படிக் கற்றுக்கொண்டார்கள்? கேமராவை நட்டுவைத்தவுடன் வாழ்க்கை தானாக வந்து அதற்குள் விழுந்துவிடவில்லை. ஒவ்வொரு தலைமுறையும் ஒரு முட்டுக்கட்டையில் வந்து நின்றது, அதைத் தாண்ட ஒரு வழி கண்டது, அந்த வழியே அடுத்த சிக்கலையும் கூட்டிவந்தது.

அந்த வரிசையைத்தான் இங்கே பயிற்சியாக வைத்திருக்கிறேன். ஆவணப்படக் கலை எந்தப் பாடத்தை எப்போது கற்றதோ, அதே அடுக்கில் நீங்களும் கற்றால் ஒவ்வொரு உத்தியும் எதற்காக வந்தது என்பது கைக்கே புரிந்துவிடும். நடுவில் இன்னொன்றும் புரியும். உண்மைக்கு அருகில் கொண்டுபோனது கருவி மட்டுமல்ல. எடுப்பவருக்கும் எடுக்கப்படுபவருக்கும் இடையில் என்ன உறவு என்பதுதான் ஒவ்வொரு கட்டத்திலும் படத்தைத் தீர்மானித்திருக்கிறது.

தொடங்குமுன் ஒரு மனிதரைத் தேர்ந்தெடுங்கள். எல்லாப் படிகளுக்கும் அவர் ஒருவரே போதும். தையல்காரர், மரவேலை செய்பவர், மண்பாண்டம் வனைபவர் என்று கையால் வேலை செய்கிற யாராவது இருந்தால் நல்லது. வேலை பழகிய கைகள் கேமராவைக் கண்டு கூச்சப்படுவதில்லை. முகம் கூச்சப்படும்போதுகூடக் கைகள் தம் வேலையைப் பார்த்துக்கொண்டிருக்கும். என்ன செய்யப்போகிறீர்கள், எதற்காக, யாருக்குக் காட்டுவீர்கள் என்பதை முதல் நாளே அவரிடம் சொல்லிவிடுங்கள். முதல் சந்திப்பில் கேமராவை வெளியே எடுக்க வேண்டாம்.

படி 1: ஐம்பது விநாடி, ஒரே ஷாட்

1895 டிசம்பர் 28 அன்று பாரிஸில் கிராண்ட் கஃபேயின் அடித்தளத்தில் லூமியேர் சகோதரர்கள் பத்துப் படங்களைக் கட்டணம் வாங்கித் திரையிட்டார்கள். ஒவ்வொன்றும் ஒரு நிமிடத்துக்கும் குறைவு. சுமார் 17 மீட்டர் படச்சுருள்தான் கருவிக்குள் போகும். அது தீர்ந்தால் படம் முடிந்தது. அசைக்க முடியாத கேமரா, கைப்பிடியைச் சுற்றும் ஒரு கை, கண்ணெதிரே நடப்பது, அவ்வளவுதான்.

அந்தப் பத்தில் ஒன்று, லியோனில் இருந்த அவர்களுடைய தொழிற்சாலையிலிருந்து தொழிலாளர்கள் வெளியேறும் காட்சி. அதற்கு மூன்று வடிவங்கள் உண்டு. ஒன்றில் ஒரு குதிரை வருகிறது, இன்னொன்றில் இரண்டு குதிரைகள், மூன்றாவதில் குதிரையே இல்லை. ஒரே காட்சியை வெவ்வேறு நாட்களில் திரும்பத் திரும்ப எடுத்திருக்கிறார்கள். எடுத்தவர்களே முதலாளிகள், வெளியே வருகிறவர்கள் அவர்களிடம் கூலி வாங்குகிறவர்கள். நிஜ வாழ்க்கையின் முதல் படங்களில் ஒன்று ஏற்பாடு செய்து, மறுபடி எடுக்கப்பட்டது என்பதை மனத்தில் இருத்துங்கள். ஆவணப்படத்தின் எல்லா விவாதங்களும் அந்த வாசலிலேயே தொடங்கிவிட்டன.

உங்கள் பயிற்சி: போனைக் கிடைமட்டமாக ஒரு டிரைபாடிலோ மேசை மீதோ வையுங்கள். ஃப்ளைட் மோடில் போடுங்கள்; இல்லாவிட்டால் நல்ல தருணத்தில் அழைப்பு வந்து பதிவைக் கெடுக்கும். ஃபோகஸையும் (எது துல்லியமாகத் தெரிய வேண்டும்) எக்ஸ்போஷரையும் (எவ்வளவு வெளிச்சம்) தானாக மாறாதபடி லாக் செய்யுங்கள். ஐம்பது விநாடி பதிவு செய்யுங்கள். ஜூம் கூடாது, நகர்த்தக் கூடாது, பேசக் கூடாது. ஒரே இடத்தில் ஒரே ஷாட் என்ற இந்தக் கட்டுப்பாட்டோடு குறைந்தது பத்து எடுங்கள்.

முதல் இரண்டு மூன்று ஷாட்டில் ஒன்றுமே நடக்காதது போலத் தோன்றும். போகப் போக, எங்கே நின்றால் செயலின் தொடக்கம், நடு, முடிவு மூன்றும் அதே ஃப்ரேமுக்குள் வரும் என்று கண் தானாகத் தேடத் தொடங்கும். அந்தக் கண்தான் இந்தப் படியில் உங்களுக்குக் கிடைக்க வேண்டியது. தொழிற்சாலைக் காட்சியைப் பாருங்கள்: கதவு திறக்கிறது, கூட்டம் பிரிந்து இரு பக்கமும் போகிறது, வாசல் காலியாகிறது. ஐம்பது விநாடிக்குள் ஒரு முழு நிகழ்வு.

படி 2: எடுக்கப்படுபவரோடு சேர்ந்து எடுங்கள்

தனித்தனிக் காட்சிகளிலிருந்து ஒரு மனிதரின் வாழ்க்கைக்கு வர இன்னும் கால் நூற்றாண்டு ஆனது. கனடாவின் வடக்கே ஹட்சன் விரிகுடாப் பகுதியில் கனிம வளம் தேடிப் போன ராபர்ட் ஃபிளாஹெர்ட்டி, அங்கிருந்த இனுயிட் என்ற பழங்குடி மக்களைப் படம்பிடித்துக்கொண்டு வந்தார். 1916இல் டொராண்டோவில் எடிட்டிங் செய்துகொண்டிருந்தபோது ஒரு சிகரெட் நெருப்பில் நெகட்டிவ் முழுவதும் எரிந்துபோனது. அந்தக் காலத்து நைட்ரேட் படச்சுருள் அப்படித்தான் பற்றிக்கொள்ளும். எஞ்சிய ஒரு பிரதியைப் பார்த்தபோது, வெறும் பயணக் காட்சிகளின் தொகுப்பாக அது அவருக்கே பிடிக்கவில்லை. ஒரு குடும்பத்தைப் பின்தொடர்வது என்று முடிவு செய்து 1920இல் திரும்பிப் போனார். 1922இல் வெளிவந்தது ‘நானூக் ஆஃப் தி நார்த்’.

இந்தப் படத்திலிருந்து கற்க வேண்டியது இரண்டு, இரண்டும் எதிரெதிரானவை.

முதலாவது, அவருடைய வேலைமுறை. படச்சுருளை அங்கேயே கழுவி, அங்கேயே திரையிட்டு, படத்தில் இருப்பவர்களுக்கே காட்டினார். என்ன எடுக்கிறோம் என்பது அவர்களுக்குத் தெரிந்தது; அடுத்து எதை எடுக்கலாம் என்று அவர்களும் சொன்னார்கள். கேமராவைப் பழுது பார்ப்பதிலிருந்து படச்சுருளைக் கழுவுவதுவரை அவர்கள் கை இருந்தது. பார்வைப்பொருளாக மட்டும் இல்லாமல் வேலையில் பங்காளிகளாகவும் அவர்கள் இருந்தார்கள்.

இரண்டாவது, அவர் செய்த மாற்றங்கள். நானூக்காக நடித்தவரின் உண்மைப் பெயர் அல்லக்கரியல்லக். படத்தில் மனைவியாக வருபவர் அவருடைய மனைவி அல்ல. அந்தப் பகுதியில் துப்பாக்கி புழக்கத்துக்கு வந்துவிட்டிருந்தது. படத்துக்காக ஈட்டியால் வேட்டையாடச் சொன்னார். பனிவீட்டுக்குள் வெளிச்சம் போதாது என்பதால் பாதி வீடு மட்டும் கட்டி, திறந்த பக்கத்திலிருந்து எடுத்தார். குடும்பம் உறங்கி எழும் காட்சி கடுங்குளிரில் திறந்தவெளியில் எடுக்கப்பட்டதுதான். வால்ரஸ் வேட்டையின்போது கயிற்றோடு போராடியவர்கள் துப்பாக்கியால் சுடும்படி அவரைத் திரும்பத் திரும்பக் கூப்பிட்டதாகவும், கேமராவைச் சுற்றுவதிலேயே குறியாக இருந்த தான் புரியாததுபோல் நடித்ததாகவும் அவரே எழுதியிருக்கிறார்.

பாதி வீடு கட்டியதை என்னால் ஏற்க முடிகிறது. வெளிச்சம் இல்லாமல் படம் இல்லை. அந்தக் குடும்பம் அப்படித்தான் உறங்கியது, அப்படித்தான் எழுந்தது. ஆனால் சுடச் சொல்லிக் கூப்பிட்டவர்களுக்குக் காது கேளாததுபோல் நின்றதை ஏற்க முடியவில்லை. அன்றாடம் நடப்பதைக் கேமராவுக்கு வசதியாக மறுபடி செய்யச் சொல்வது ஒன்று. வழக்கொழிந்த ஒன்றை இன்றைய வாழ்க்கையாகக் காட்டுவது வேறு. ஒருவரை ஆபத்தில் நிறுத்துவது முற்றிலும் வேறு. இந்த மூன்றுக்கும் இடையில் உங்கள் கோடு எங்கே என்று படப்பிடிப்புக்கு முன்பே எழுதிவைத்துக்கொள்ளுங்கள். கேமரா ஓடத் தொடங்கிய பிறகு மனம் எளிதில் இளகிவிடும்.

பயிற்சி: படி 1இல் எடுத்ததை உங்கள் மனிதருக்குப் போட்டுக் காட்டுங்கள். “இதில் என்ன குறைகிறது?” என்று கேளுங்கள். அநேகமாக அவர் உங்கள் கண்ணில் படாத ஒன்றைச் சொல்வார். வேலையின் மிகக் கடினமான பகுதி ஃப்ரேமுக்கு வெளியே இருந்திருக்கும். அதை எடுங்கள்.

படி 3: துண்டுகளை எதிரெதிரே வைத்துப் பாருங்கள்

சோவியத் ரஷ்யாவில் ஸீகா வெர்டோவ் 1922 முதல் 1925 வரை செய்திப்பட வரிசை ஒன்றை நடத்தி, நடிகர், அரங்கம், கதை எதுவும் இல்லாத சினிமாவுக்காக வாதாடினார். 1929இல் வந்த ‘மேன் வித் எ மூவி கேமரா’ படத்தில் அவருடைய சகோதரர் மிகைல் காஃப்மன் கேமராவோடு நகரமெங்கும் அலைகிறார். ஒரு கட்டத்தில் படம் உறைந்து நிற்கிறது. படத்தொகுப்பாளர் எலிஸவேத்தா ஸ்விலோவா மேசையில் அமர்ந்து அதே ஃப்ரேம்களை வெட்டிக்கொண்டிருப்பது தெரிகிறது. நாம் பார்த்துக்கொண்டிருக்கும் ‘நிஜம்’ எந்த மேசையில் கட்டப்படுகிறது என்பதைப் படமே காட்டிவிடுகிறது.

பயிற்சி எளிது. இதுவரை எடுத்ததில் பன்னிரண்டு ஷாட்டைத் தேர்ந்தெடுத்து ஒரு நிமிடத்துக்குத் தொகுத்துப் பாருங்கள். பிறகு அதே பன்னிரண்டை வேறு வரிசையில் அடுக்குங்கள். ஒன்றில் உங்கள் மனிதர் களைத்தவராகத் தெரிவார். இன்னொன்றில் வேலையில் இன்புறுபவராகத் தெரிவார். ஒரு ஷாட்கூடப் பொய்யில்லை என்றாலும் இரண்டு படமும் உண்மையாக இருக்க முடியாது. எது அவருக்கு நியாயம் செய்கிறது என்று தீர்மானிப்பது உங்கள் பொறுப்பு. மென்பொருள் அதைச் சொல்லாது.

படி 4: பின்னணிக் குரலை எழுதிப் பாருங்கள், பிறகு பாதியை நீக்குங்கள்

1930களில் பிரிட்டனில் ஜான் கிரியர்சன் தலைமையில் அரசு சார்ந்த படப் பிரிவுகளில் ஓர் இளைஞர் கூட்டம் வேலை செய்தது. சாதாரணத் தொழிலாளரைத் திரையின் நடுவில் நிறுத்த வேண்டும் என்பது அவர்களின் பிடிவாதம். ஒலி வந்துவிட்டது, ஆனால் ஒலிப்பதிவுக் கருவி பெரிது, வெளியிடங்களுக்கு இழுத்துச் செல்வது பெரும்பாடு. எனவே படத்தைத் தனியாக எடுத்து, மேலே ஒரு குரலை ஒட்டினார்கள். எல்லாம் அறிந்த, முகமில்லாத, திரையில் இருப்பவர்கள் சார்பாகப் பேசுகிற அந்தக் குரல் இன்றும் தொலைக்காட்சியில் நம்மை விட்டபாடில்லை.

1936இல் வந்த ‘நைட் மெயில்’ இரவு ரயிலில் கடிதம் பிரிக்கும் தபால் ஊழியர்களைப் பற்றியது. ரயில் பெட்டியின் உட்புறக் காட்சி ஸ்டுடியோவில் போட்ட அரங்கம். உண்மையான தபால் ஊழியர்களே நடித்தார்கள். ரயில் ஓடுவதுபோல் தெரிய உடலை அசைக்கச் சொன்னார்கள். இறுதிப் பகுதிக்குக் கவிஞர் டபிள்யூ. எச். ஆடன் எழுதிய வரிகள் சக்கரத்தின் தாளத்திலேயே ஓடுகின்றன. பின்னணிக் குரல் படத்துக்கு விளக்கவுரையாக மட்டும் இருக்க வேண்டியதில்லை, இசையாகவும் இருக்கலாம் என்று காட்டிய இடம் அது.

ஆனால் எனக்கு அதைவிடப் பெரிதாகப் படுவது, ஓராண்டு முன்பு 1935இல் வந்த ‘ஹவுசிங் ப்ராப்ளம்ஸ்’. ஆர்தர் எல்டனும் எட்கர் ஆன்ஸ்டியும் அந்தக் கனமான ஒலிக் கருவிகளை லண்டனின் குடிசைப்பகுதி வீடுகளுக்குள்ளேயே கொண்டுபோனார்கள். குடியிருப்பவர்கள் கேமராவைப் பார்த்து, தங்கள் வீட்டு எலிகளைப் பற்றியும் இடிந்துவிழும் சுவர்களைப் பற்றியும் தங்கள் பேச்சிலேயே சொன்னார்கள். இன்று எந்த ஆவணப்படத்திலும் நாம் சாதாரணமாகப் பார்க்கிற பேட்டிக்கு அது முன்னோடி. அந்தப் படத்துக்கும் ஒரு வர்ணனைக் குரல் உண்டு. பணம் கொடுத்தது எரிவாயு நிறுவனங்களின் சங்கம். ஆனாலும் பார்த்து முடித்தபின் நினைவில் நிற்பது குடியிருந்தவர்களின் குரல்தான்.

பயிற்சி: உங்கள் ஒரு நிமிடத் தொகுப்புக்குப் பின்னணிக் குரல் எழுதுங்கள். பிறகு திரையில் ஏற்கெனவே தெரிவதைச் சொல்லும் வாக்கியங்களையெல்லாம் அடித்துவிடுங்கள். “இவர் ஊசியில் நூல் கோக்கிறார்” என்று சொல்லத் தேவையில்லை, தெரிகிறது. திரையில் தெரிய முடியாததை மட்டும் வையுங்கள்: எத்தனை வருடப் பழக்கம், யாரிடம் கற்றார், ஒரு நாளில் எத்தனை மணி நேரம். மிஞ்சியதில் எதை அவரே சொல்ல முடியுமோ அதையும் நீக்கி, அவரிடம் கேட்டுப் பதிவு செய்யுங்கள்.

படி 5: காதைத் தீட்டுங்கள்

புதிதாக வருகிறவர்கள் மிகக் குறைவாக மதிக்கும் படி இது. ஆவணப்பட வரலாற்றின் பெரிய திருப்பம் படத்தில் வரவில்லை, ஒலியில் வந்தது.

1950களின் இறுதிவரை, நடந்துபோகும் ஒரு மனிதரின் பேச்சை அவர் வாயசைவோடு ஒத்துப்போகும்படி பதிவு செய்வது மிகக் கடினம். பிறகு சில ஆண்டுகளுக்குள் மூன்று காரியங்கள் சேர்ந்தன. தோளில் சுமக்கும் 16 எம்எம் கேமராக்கள் சத்தம் குறைந்தன. குறைந்த வெளிச்சத்திலும் எடுக்கக்கூடிய படச்சுருள் வந்தது. ஸ்டெஃபான் குடெல்ஸ்கி சுவிட்சர்லாந்தில் உருவாக்கிய நாக்ரா ஒலிப்பதிவுக் கருவி, தோளில் மாட்டிக்கொண்டு நடக்கும் அளவுக்குச் சிறிதானது. ஒருவர் கேமரா, ஒருவர் ஒலி, இரண்டே பேர் ஓர் அறைக்குள் நுழைய முடிந்தது. விளக்குகளும் மின்கம்பிகளும் இல்லை. “மறுபடி செய்யுங்கள்” என்று சொல்லும் தேவையும் இல்லை.

கனடாவில் மிஷெல் ப்ரோவும் அவர் சகாக்களும் 1958இலேயே கேமராவைக் கூட்டத்துக்குள் கொண்டுபோயிருந்தார்கள். 1960இல் அமெரிக்காவில் ராபர்ட் ட்ரூ குழு எடுத்த ‘பிரைமரி’, விஸ்கான்சின் மாநிலத்தில் ஜனநாயகக் கட்சியின் அதிபர் வேட்பாளர் யார் என்பதற்காகக் கென்னடிக்கும் ஹம்ஃப்ரிக்கும் இடையில் நடந்த தேர்தலைப் பின்தொடர்ந்தது. ஒலியைப் படத்தோடு இணைக்கும் கருவி அவர்களுக்குப் பல இடங்களில் சரியாக வேலை செய்யவில்லை. ஆனாலும் கூட்டத்தைப் பிளந்துகொண்டு போகும் கென்னடியின் பின்னால் தலைக்கு மேல் தூக்கிப் பிடித்த கேமராவோடு ஆல்பர்ட் மேஸல்ஸ் நடந்த அந்த நீண்ட ஷாட்டை இன்று பார்த்தாலும் நாமும் அந்த நெரிசலில் இருக்கிறோம். மேடையில் பேசும்போது ஜாக்குலின் கென்னடி முதுகுக்குப் பின்னால் விரல்களைப் பிசைந்துகொண்டிருப்பதையும் அதே படம் பிடித்தது. அவர் பேச்சு சொல்லாததைக் கைகள் சொல்லிவிட்டன.

பயிற்சியை இரண்டாகப் பிரித்துக்கொள்ளுங்கள். முதலில் கேமராவே இல்லாமல் உங்கள் மனிதரின் வேலையிடத்தில் அரை மணி நேரம் ஒலியை மட்டும் பதிவு செய்து, வீட்டில் கண்ணை மூடிக்கொண்டு கேளுங்கள். எந்த ஒலி அந்த இடத்துக்கே உரியது, எது பேச்சை விழுங்குகிறது என்று குறித்துக்கொள்ளுங்கள். மின்விசிறியின் இரைச்சலைப் பிறகு நீக்கிக்கொள்ளலாம் என்று யாராவது சொன்னால் நம்ப வேண்டாம். பதிவின்போதே நிறுத்துங்கள், அல்லது இடம் மாறுங்கள்.

அடுத்து பேச்சு. போனில் உள்ள மைக் தூரத்தில் இருக்கிறது. அதனால்தான் குரல் கிணற்றுக்குள்ளிருந்து வருவது போலக் கேட்கிறது. ஒரு சாதாரண லேப்பல் மைக்கைச் சட்டையில், வாயிலிருந்து ஒரு சாண் தூரத்தில் மாட்டினாலே படம் ஒரு தரம் உயர்ந்துவிடும். ஹெட்ஃபோன் போட்டுக் கேட்டுக்கொண்டே பதிவு செய்யுங்கள். பேச்சு முடிந்ததும் யாரும் அசையாமல் முப்பது விநாடி அந்த அறையின் அமைதியையும் பதிவு செய்யுங்கள். ஒவ்வொரு அறைக்கும் அதன் அமைதி வேறு. எடிட்டிங்கில் பேச்சை வெட்டிய இடங்களில் அதை இட்டு நிரப்பாவிட்டால் காதுக்கு ஓட்டை தெரியும்.

குறுக்கிடாமல், நடப்பதை நடந்தபடியே எடுக்கும் முறையைக் கடைசி எல்லைவரை கொண்டுபோனவர் அமெரிக்க இயக்குநர் ஃப்ரெடெரிக் வைஸ்மன். பேட்டி இல்லை, பின்னணிக் குரல் இல்லை, சேர்த்த இசை இல்லை. பள்ளி, மருத்துவமனை என்று ஒரு நிறுவனத்துக்குள் வாரக்கணக்கில் இருந்து எடுத்துவிட்டு, எடிட்டிங்குக்கு மாதக்கணக்கில் உட்காருவார். புதிதாகத் தொடங்குகிறவர் அப்படியே பின்பற்ற வேண்டியதில்லை. ஆனால் ஒரு நாளாவது கேள்வி கேட்காமல், எதையும் செய்யச் சொல்லாமல் பார்த்துக்கொண்டு மட்டும் இருந்து எடுங்கள். நடப்பதற்கு முன்பே ரெக்கார்டை அழுத்தவும், நடந்து முடிந்தபின் பத்து விநாடி நிறுத்தாமல் காத்திருக்கவும் அந்த ஒரு நாள் பழக்கிவிடும். பெரும்பாலான நல்ல தருணங்கள் அந்தக் கடைசிப் பத்து விநாடியில்தான் இருக்கின்றன.

படி 6: நீங்கள் அங்கே இருப்பதை ஒப்புக்கொள்ளுங்கள்

அமெரிக்கர்கள் கேமரா கண்ணில் படாமல் இருக்க முயன்றபோது, பாரிஸில் மானுடவியலாளர் ஜான் ரூஷும் சமூகவியலாளர் எட்கர் மொரானும் எதிர்த்திசையில் போனார்கள். கேமரா இருந்தால் மனிதர்கள் மாறத்தான் செய்வார்கள். அந்த மாற்றத்தையே உண்மையை வெளிக்கொணரும் வழியாக ஏன் பயன்படுத்தக் கூடாது என்பது அவர்கள் எண்ணம். 1960 கோடையில் எடுத்து 1961இல் வெளியான ‘க்ரானிக்கிள் ஆஃப் எ சம்மர்’ படத்தில், தெருவில் போகிறவர்களை நிறுத்தி “நீங்கள் மகிழ்ச்சியாக இருக்கிறீர்களா?” என்று கேட்டார்கள்.

அந்தப் படத்தில் மார்சலின் லோரிதான் என்ற பெண் ஒலிப்பதிவுக் கருவியைத் தானே சுமந்துகொண்டு தனியாக நடக்கிறார். நாஜி வதைமுகாமுக்கு அனுப்பப்பட்டதையும், அங்கிருந்து திரும்பாத தன் தந்தையையும் பற்றி மெல்லப் பேசிக்கொண்டே வருகிறார். கேமரா அவர் பேச்சு எட்டாத தூரத்தில் விலகிக்கொண்டே போகிறது. எதைச் சொல்வது, எப்போது நிறுத்துவது என்பதெல்லாம் அவர் கையில். அருகில் உட்கார்ந்து கேள்வி கேட்டிருந்தால் அந்த வார்த்தைகள் வந்திருக்கும் என்று நான் நினைக்கவில்லை.

இறுதியில் இயக்குநர்கள் அதுவரை எடுத்ததைப் பங்கேற்றவர்களுக்கே திரையிட்டு, அவர்களின் கருத்தையும் படத்தில் சேர்த்தார்கள். சிலர் நடிப்பாக இருக்கிறது என்றார்கள். சிலர் அளவுக்கு மீறி அந்தரங்கம் என்றார்கள். அந்தச் சச்சரவு இல்லாவிட்டால் படத்தின் மதிப்பே பாதியாகியிருக்கும்.

இந்தப் படியில்தான் பேட்டி எடுக்கப் பழக வேண்டும். ஆம், இல்லை என்று முடிந்துவிடும் கேள்விகளைத் தவிருங்கள். “உங்களுக்கு இந்த வேலை பிடிக்குமா?” என்பதைவிட, “முதன்முதலாக இந்த வேலையைத் தனியாகச் செய்த நாளைச் சொல்லுங்கள்” என்பது நூறு மடங்கு மேல். அபிப்பிராயம் கேட்டால் பொதுப்பேச்சு வரும். நடந்ததைக் கேட்டால் இடம், ஆள், நேரம் எல்லாம் வரும். பதில் முடிந்ததுபோல் தெரிந்ததும் அடுத்த கேள்விக்குப் பாயாமல் ஐந்து விநாடி அவர் முகத்தைப் பார்த்துக்கொண்டிருங்கள். அவரே தொடர்வார். கேள்வித்தாளைக் கையில் வைத்துக்கொள்ள வேண்டாம். அடுத்த கேள்வியைத் தேடும் கண் எதிரில் இருப்பவரைப் பேச விடாது.

படி 7: பழைய பதிவுகள்

நீங்கள் பிறக்கும் முன்பு நடந்ததை எப்படிக் காட்டுவீர்கள்? எஸ்ஃபிர் ஷூப் 1927இல் ரஷ்யப் பேரரசின் வீழ்ச்சியைப் பற்றி எடுத்த படத்தில் ஜார் குடும்பத்தின் சொந்தப் படச்சுருள்களையே பயன்படுத்தினார். பெருமைக்காக எடுக்கப்பட்ட அதே காட்சிகள், புதிய வரிசையில் அந்தப் பேரரசுக்கு எதிரான சாட்சியமாயின.

நம்மவரான ஏ. கே. செட்டியார் 1937 முதல் நாடு நாடாக அலைந்து, பல ஒளிப்பதிவாளர்கள் பல ஆண்டுகளாக எடுத்து ஆங்காங்கே கிடந்த காந்தியின் படச்சுருள்களைத் தேடிச் சேர்த்தார். அப்படிச் சேர்ந்த சுமார் 50,000 அடியிலிருந்து உருவாகி 1940இல் வெளிவந்தது அவருடைய காந்தி ஆவணப்படம். உலகப்போர் தொடங்கிவிட்ட நேரம், அந்நிய ஆட்சி. தேடுவதும் ஆவணப்பட வேலையின் பெரும்பகுதி என்பதற்கு அவரைவிடச் சிறந்த சான்று தமிழில் இல்லை.

உங்கள் அளவில் இது குடும்பப் புகைப்படங்கள், கடிதங்கள், பழைய வீடியோ கேசட்டுகள். ஒவ்வொன்றையும் யார், எப்போது, எதற்காக எடுத்தார்கள் என்று எழுதிவையுங்கள். உரிமையாளரிடம் எழுத்தில் அனுமதி வாங்குங்கள். வேறு இடத்தில் வேறு ஆண்டில் எடுத்த படத்தைப் பொருத்தமாக இருக்கிறதே என்று ஒட்டிவிடாதீர்கள். பார்ப்பவர் அதைச் சான்றாக எடுத்துக்கொள்வார்.

படி 8: மீள்நடிப்பு, தேவைப்பட்டால் மட்டும்

1958இல் டிஸ்னி வெளியிட்ட ‘வைட் வைல்டர்னஸ்’ சிறந்த ஆவணப்படத்துக்கான ஆஸ்கர் பெற்றது. அதில் லெம்மிங் எனும் சிறு விலங்குகள் கூட்டமாகக் கடலில் குதித்துச் சாவதுபோல் ஒரு காட்சி உண்டு. அது கடலே இல்லாத ஆல்பர்ட்டா மாகாணத்தில், கொண்டுவரப்பட்ட விலங்குகளை வைத்து ஜோடிக்கப்பட்டது என்பதை 1982இல் கனடியத் தொலைக்காட்சி வெளிக்கொணர்ந்தது. லெம்மிங்குகள் தற்கொலை செய்துகொள்ளும் என்ற நம்பிக்கையோ இன்னும் சாகவில்லை.

இதற்கு மறுபக்கம் எரல் மோரிஸின் 1988 படமான ‘தி தின் ப்ளூ லைன்’. ஒரு காவலர் கொல்லப்பட்ட இரவை, சாட்சிகள் ஒவ்வொருவரும் சொன்னபடி தனித்தனியாக நடிக்கவைத்து எடுத்தார். ஒன்றுக்கொன்று பொருந்தாத சாட்சியங்கள் கண்ணெதிரே உடைந்தன. அந்தக் கொலைக்காகத் தண்டனை பெற்றிருந்த ராண்டல் ஆடம்ஸ் 1989இல் விடுதலையானார். இரண்டுமே ஜோடனைதான். ஒன்று பார்ப்பவரிடம் அதை மறைத்தது. மற்றொன்று ஜோடனை என்று தெரியும்படியே காட்டி, பொய்யைச் சோதிக்க அதைப் பயன்படுத்தியது. நீங்கள் மீள்நடிப்புச் செய்தால் பார்ப்பவருக்கு அது ஐயமில்லாமல் தெரிய வேண்டும்.

படி 9: சம்மதம்

வைஸ்மனின் முதல் படமான ‘டிட்டிகட் ஃபோலிஸ்’ 1967இல் மாசசூசெட்ஸின் பிரிட்ஜ்வாட்டரில் மனநோய்க் குற்றவாளிகளுக்கான சிறைக்காப்பகத்தைக் காட்டியது. அங்கிருந்தவர்களின் அந்தரங்கம் மீறப்பட்டது என்று அரசு நீதிமன்றம் போனது. பொதுத் திரையிடலுக்கு இருந்த தடை 1991இல்தான் நீங்கியது. அரசு பாதுகாக்க நினைத்தது நோயாளிகளையா, தன் பெயரையா என்ற சந்தேகம் நியாயமானது. ஆனால் தாங்கள் எதற்கு ஒப்புக்கொள்கிறோம் என்பது அந்த நோயாளிகளுக்குப் புரிந்திருக்க முடியுமா என்ற கேள்வியும் அதே அளவு நியாயமானது. அந்தப் படம் தேவையானது என்று நினைக்கிறேன். அந்தக் கேள்விக்குப் படத்தில் பதில் இல்லை என்றும் நினைக்கிறேன்.

ஆனந்த் பட்வர்தனின் 1985 படமான ‘பாம்பே: அவர் சிட்டி’யில், வீடிழந்த ஒரு பெண் படக்குழுவையே கேள்வி கேட்கிறார்: எங்களைப் படம் எடுத்து உங்களுக்குப் பெயர் வரும், எங்களுக்கு என்ன வரும் என்ற பொருளில். பட்வர்தன் அதை வெட்டி எறியவில்லை. தன்னை நோக்கி வந்த அந்தக் கோபம் படத்துக்குள்ளேயே இருக்கிறது.

சம்மதம் என்பதை முதல் நாள் வாங்கும் கையெழுத்தோடு முடித்துக்கொள்ளாதீர்கள். எழுத்தில் வாங்குங்கள், அவர் வாசிக்கும் மொழியில் எழுதி வாங்குங்கள். இணையத்தில் ஏறினால் யார் வேண்டுமானாலும் பார்ப்பார்கள், திரும்பப் பெறுவது கடினம் என்பதைத் தெளிவாகச் சொல்லுங்கள். தொகுத்து முடித்ததும் மறுபடி கேளுங்கள். குழந்தைகள், நோயாளிகள், வேலை பறிபோகக்கூடிய நிலையில் இருப்பவர்கள் என்றால் அவர் சம்மதித்தாலும், வரக்கூடிய பின்விளைவை அவருக்காக நீங்களும் ஒரு முறை யோசிக்க வேண்டும். பிறகு வேண்டாம் என்று ஒருவர் சொன்னால் அந்த ஷாட் எவ்வளவு அழகாக இருந்தாலும் எடுத்துவிடுங்கள்.

இனி படம்

ஒன்பது படிகளிலும் சேர்ந்த பதிவுகளே உங்கள் முதல் படத்துக்கான கச்சாப் பொருள். ஒவ்வொரு நாள் படப்பிடிப்பு முடிந்ததும் இரண்டு வெவ்வேறு இடங்களில் பிரதி எடுங்கள். கோப்புகளுக்குத் தேதியும் இடமும் பெயராக வையுங்கள். பேட்டிகளை முழுவதுமாகத் தட்டச்சு செய்யுங்கள். அலுப்பான வேலைதான், ஆனால் படத்தின் எலும்புக்கூடு காகிதத்தில்தான் முதலில் தெரியும். அதிலிருந்து ஏழு நிமிடத்துக்கு மேல் போகாத ஒரு ரஃப் கட், அதாவது முதல் கட்டத் தொகுப்பு, செய்யுங்கள். பேட்டியை அடித்தளமாக வைத்து மேலே காட்சிகளை ஒட்டாமல், காட்சிகளை முதலில் அடுக்கிவிட்டு, அவை தாங்களாகச் சொல்ல முடியாத இடங்களில் மட்டும் குரலைக் கொண்டுவாருங்கள். இசையைக் கடைசிவரை சேர்க்காதீர்கள். சேர்த்தால் பலவீனமான இடங்கள் தெரியாமல் போய்விடும்.

ரஃப் கட்டை முதலில் காட்ட வேண்டியது படத்தில் இருப்பவருக்கு. அவரோடு உட்கார்ந்து, திரையைப் பார்க்காமல் அவரைப் பாருங்கள். எங்கே நெளிகிறார், எங்கே சிரிக்கிறார், எங்கே “இது அப்படியில்லை” என்று சொல்ல வாயெடுத்து நிறுத்திக்கொள்கிறார் என்று குறித்துக்கொள்ளுங்கள். தகவல் பிழை என்றால் உடனே திருத்துங்கள். தன்னை இன்னும் அழகாகக் காட்டச் சொன்னால் அதைப் பற்றிப் பேசுங்கள். ஏன் அந்தக் காட்சி வேண்டும் என்று அவர் முகத்துக்கு நேரே உங்களால் விளக்க முடியாவிட்டால் அந்தக் காட்சி வேண்டாம். அடுத்து, அந்த மனிதரையும் அந்த வேலையையும் அறியாத இரண்டு பேருக்குக் காட்டி, என்ன பார்த்தீர்கள் என்று மட்டும் கேளுங்கள். பிடித்ததா என்று கேட்க வேண்டாம். அவர்கள் சொன்னதை எழுதிக்கொண்டு மறுபடி டைம்லைனுக்குப் போங்கள்.